டிவியில் கேம் ஆடும்போது வரும் இன்புட் லேக்கைக் குறைப்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

கன்ட்ரோலரில் பட்டனை அழுத்துகிறோம். திரையில் இருப்பவன் கொஞ்சம் தயங்கிவிட்டுத்தான் குதிக்கிறான். பல வீடுகளில் அந்தத் தயக்கத்தின் பெரும்பங்கு டிவியால் வருவது. அதைக் குறைக்கப் புது டிவி வாங்க வேண்டாம். மெனுவுக்குள் ஒரு மணி நேரம் பொறுமையாக உட்கார்ந்தால் போதும்.

என் அக்கா மகன் ஹாஸ்டலில் மானிட்டரில் சண்டை கேம் ஆடிப் பழகியவன். விடுமுறைக்கு வந்தவன் ஹாலில் இருக்கும் பெரிய டிவியில் ஆடினான். ஒரு அடியைக்கூட அவனால் தடுக்க முடியவில்லை. "கை மந்தமாயிடுச்சு மாமா" என்று கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டான். அவன் கையில் ஒரு குறையும் இல்லை. சீரியல் பார்க்க வைத்திருந்த அமைப்பிலேயே டிவி இருந்தது, அவ்வளவுதான். அதற்குப் பிறகு சொந்தக்காரர்கள், நண்பர்கள் என்று நிறைய வீட்டு டிவிகளைச் சரிசெய்து கொடுத்திருக்கிறேன். எல்லோரும் தடுமாறும் இடங்கள் ஏறக்குறைய ஒன்றுதான். அவற்றைச் செய்ய வேண்டிய வரிசையிலேயே எழுதுகிறேன். வரிசையை மாற்றினால் செய்த வேலையையே மறுபடி செய்ய வேண்டிவரும்.

1. எந்தத் தாமதம் என்று முதலில் பிரித்துக்கொள்ளுங்கள்

"லேக் அடிக்குது" என்று சொல்பவர்கள் நான்கு வெவ்வேறு கோளாறுகளுக்கு அந்த ஒரே சொல்லைப் பயன்படுத்துகிறார்கள். டிவி மெனு அதில் ஒன்றுக்குத்தான் மருந்து.

ஆன்லைனில் ஆடும்போது எதிராளி விட்டுவிட்டுத் தாவினால் அது இணையத்தின் தாமதம், அதாவது பிங். படம் அடிக்கடி திக்கினால் கேம் போதுமான ஃப்ரேம்களை, அதாவது அடுத்தடுத்த படங்களை, தரவில்லை. வேகமாகத் திரும்பும்போது பொருள்களுக்குப் பின்னால் நிழல்போல ஒரு வால் இழுத்தால் அது பேனலின் ரெஸ்பான்ஸ் டைம். கடை விளம்பரத்தில் "1 மில்லி விநாடி" என்று பெரிதாக எழுதியிருப்பார்களே, அது இதைப் பற்றியது. இன்புட் லேக்குக்கும் அதற்கும் தொடர்பில்லை. அந்த எண்ணை நம்பி வாங்கிவிட்டு, டிவியில் கேமுக்கென்றே இருக்கும் கேம் மோடைப் போடாமலே ஆடிக்கொண்டிருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

இன்புட் லேக் என்பது கன்சோல் அனுப்பிய படம் டிவிக்குள் நுழைந்து திரையில் தெரிய ஆகும் நேரம். இணையத்தைத் துண்டித்துவிட்டு, தனியாக ஆடும் பகுதிக்குப் போய்ப் பாருங்கள். அங்கேயும் ஒவ்வொரு அசைவும் ஒரே அளவுக்குப் பின்தங்கியே வந்தால் டிவியைத்தான் பார்க்க வேண்டும்.

அளவு புரிய ஒரு கணக்கு. விநாடிக்கு 60 ஃப்ரேம் ஓடும் கேமில் ஒரு ஃப்ரேமின் ஆயுள் 16.7 மில்லி விநாடி. படத்தை மெருகேற்றும் வேலைகளையெல்லாம் செய்யும் டிவி சர்வசாதாரணமாக 100 மில்லி விநாடி எடுத்துக்கொள்ளும். ஆறு ஃப்ரேம். டெக்கன் என்ற சண்டை கேமை ஆடுபவர்களுக்குத் தெரியும், பெரும்பாலான பாத்திரங்களின் வேகமான குத்து பத்தே ஃப்ரேமில் வந்துவிடும். அதில் ஆறை டிவியே சாப்பிட்டுவிட்டால் எவ்வளவு பழகினாலும் கை எட்டாது.

2. கையோடு வைத்துக்கொள்ள வேண்டியவை

டிவியின் ரிமோட், டிவியின் பின்புற ஸ்டிக்கரில் இருக்கும் மாடல் எண், ஸ்லோமோஷன் எடுக்கும் ஃபோன், உங்களுக்குக் கை பழகிய ஒரு கேம். கேம் பழகியதாக இருப்பது முக்கியம். புதிய கேமில் தாமதம் டிவியுடையதா, கேமின் அசைவே அப்படித்தானா என்று சொல்ல முடியாது.

டிவிக்கும் கன்சோலுக்கும் மென்பொருள் அப்டேட் இருந்தால் இப்போதே போட்டுவிடுங்கள். சில அப்டேட்களுக்குப் பிறகு அமைப்புகள் பழையபடி மாறிவிடும். எல்லாம் முடித்த பிறகு அப்டேட் வந்தால் மறுபடி முதலிலிருந்து.

அப்புறம், இப்போது இருக்கும் பிக்சர் மெனுவின் ஒவ்வொரு பக்கத்தையும் ஃபோனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் மற்றவர்களும் பார்க்கும் டிவி அது. "பழைய மாதிரி ஆக்கிக் கொடு" என்று யாராவது கேட்டால் இரண்டு நிமிடத்தில் ஆக்கிக் கொடுக்கலாம்.

3. எதையும் மாற்றும் முன் ஒருமுறை அளந்துவிடுங்கள்

இதைத் தாண்டிப் போகவே எல்லோரும் நினைப்பார்கள். ஆனால் முன்பு எவ்வளவு இருந்தது என்று தெரியாவிட்டால், பின்னால் செய்யும் எந்த மாற்றம் பலன் தந்தது என்று சொல்ல முடியாது. "இப்ப கொஞ்சம் பரவாயில்ல போல" என்ற நினைப்பு பல நேரம் வெறும் நினைப்புதான்.

ஃபோன் கேமராவை விநாடிக்கு 240 ஃப்ரேம் எடுக்கும் ஸ்லோமோஷனில் வையுங்கள். அதில் ஒரு ஃப்ரேம் ஏறக்குறைய 4.2 மில்லி விநாடி. 960 என்று காட்டும் சில ஃபோன்கள் இடையில் இருக்கும் ஃப்ரேம்களைத் தாமாகவே கற்பனை செய்து நிரப்புகின்றன. அந்தக் கணக்கு நம்ப முடியாதது, 240 போதும்.

கன்ட்ரோலரை டிவியின் கீழ் விளிம்புக்கு முன்னால் தூக்கிப் பிடியுங்கள். கட்டைவிரலும் திரையும் ஒரே காட்சியில் தெரிய வேண்டும். ஹாலில் விளக்கு எரியட்டும், இல்லாவிட்டால் விரல் கறுப்பாகத்தான் விழும். இன்னொருவர் ஃபோனைப் பிடிக்க, நீங்கள் குதிக்கும் பட்டனையோ குத்தும் பட்டனையோ ஒரு விநாடி இடைவெளி விட்டு ஐந்து முறை அழுத்துங்கள். மெனுவைத் திறப்பதை வைத்து அளக்காதீர்கள். மெனு மெதுவாக விரிவதுபோல வடிவமைத்திருப்பார்கள்.

பிறகு வீடியோவை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்துங்கள். பட்டன் முழுதாக உள்ளே போன ஃப்ரேமில் எண்ணத் தொடங்கி, திரையில் உருவம் முதன்முதலாக அசையும் ஃப்ரேமில் நிறுத்துங்கள். ஐந்துக்கும் சராசரி எடுங்கள்.

அக்கா வீட்டில் அன்று அவன் எண்ண, நான் ஒரு பழைய கேஸ் பில்லின் பின்பக்கத்தில் குறித்துக்கொண்டே வந்தேன். சராசரி 44 ஃப்ரேம். அதாவது சுமார் 183 மில்லி விநாடி. இது டிவியின் தாமதம் மட்டும் இல்லை. கன்ட்ரோலர், கேம், டிவி மூன்றும் சேர்ந்தது. அதனால் இந்த எண்ணை வேறு யாருடைய எண்ணோடும் ஒப்பிட வேண்டாம். அதே கேம், அதே பட்டன், மாற்றத்துக்கு முன்னும் பின்னும் என்ற வித்தியாசம்தான் நமக்கு வேண்டியது.

4. கேபிள் நேராக டிவிக்கு, சரியான போர்ட்டுக்கு

கன்சோலிலிருந்து வரும் கேபிள் சவுண்ட்பார், ரிசீவர், ஸ்பிளிட்டர் என்று எதன் வழியாகவும் போக வேண்டாம். நேராக டிவியில் செருகுங்கள். நடுவில் இருக்கும் பெட்டி பழையதாக இருந்தால் 120 ஹெர்ட்ஸ் (விநாடிக்கு 120 படம்) சிக்னலையோ, கேம் மோடைத் தானாகப் போடச் சொல்லும் கட்டளையையோ டிவிவரை போகவிடாது. ஒலியை டிவியின் ஏஆர்சி போர்ட் (ஒலியை வெளியே அனுப்பும் எச்டிஎம்ஐ போர்ட்) வழியாகச் சவுண்ட்பாருக்குக் கொண்டுபோகலாம்.

டிவியின் எல்லா எச்டிஎம்ஐ போர்ட்டும் ஒன்றுபோல இருக்காது. பல டிவிகளில் ஒன்றோ இரண்டோதான் 4கே 120 ஹெர்ட்ஸ் தாங்கும். போர்ட்டின் பக்கத்தில் '4கே 120' என்றோ 'கேம்' என்றோ அச்சிட்டிருப்பார்கள். நான்கு போர்ட் உள்ள பல சோனி டிவிகளில் 3, 4 இரண்டும்தான் அந்தத் திறன் கொண்டவை. அதில் 3ஆவது போர்ட்டே ஏஆர்சிக்கும் உரியது. அதனால் சவுண்ட்பார் 3இல் இருந்தால் கன்சோல் 4க்குப் போக வேண்டும். இதைப் பார்க்காமல் கைக்கு எட்டிய போர்ட்டில் செருகுவதுதான் நான் அடிக்கடி காணும் முதல் தவறு.

கேபிளைப் பொறுத்தவரை பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எக்ஸ் பெட்டியோடு வந்த கேபிளே போதும். தொலைந்திருந்தால் அல்ட்ரா ஹை ஸ்பீட் என்று சான்று பெற்றதை வாங்குங்கள். அது விநாடிக்கு 48 கிகாபிட் தாங்கும். 60 ஹெர்ட்ஸ் டிவி என்றால் பழைய 18 கிகாபிட் கேபிளே போதும். விலை உயர்ந்த கேபிள் தாமதத்தைக் குறைக்கும் என்று கடையில் சொன்னால் நம்பாதீர்கள். சிக்னல் கேபிளைக் கடக்க ஆகும் நேரம் கணக்கில் எடுக்கவே தேவையில்லாத அளவு.

5. அந்தப் போர்ட்டின் முழுத் திறனைத் திறந்துவிடுங்கள்

புது டிவியானாலும் போர்ட்கள் பெரும்பாலும் பழைய கருவிகளுக்கு ஒத்துப்போகும்படி அடக்கிய நிலையில்தான் வரும். அதைத் திறக்காமல் கன்சோலில் 120 ஹெர்ட்ஸைத் தேடினால் அந்தத் தேர்வே கண்ணில் படாது. கேம் மோடுக்கு முன்னால் இதை வைத்திருப்பதற்குக் காரணம், இதை மாற்றும்போது சில டிவிகள் சிக்னலைப் புதிதாக அடையாளம் கண்டு, வேறு பிக்சர் மோடுக்குத் தாவிவிடும்.

பெயர்தான் கம்பெனிக்குக் கம்பெனி வேறு. சாம்சங்கில் எக்ஸ்டர்னல் டிவைஸ் மேனேஜருக்குள் இருக்கும் இன்புட் சிக்னல் பிளஸ். எல்ஜியில் எச்டிஎம்ஐ டீப் கலர். சோனியில் எக்ஸ்டர்னல் இன்புட்ஸ் பகுதிக்குள் எச்டிஎம்ஐ சிக்னல் ஃபார்மட். அதை ஸ்டாண்டர்டிலிருந்து என்ஹான்ஸ்டுக்கு மாற்ற வேண்டும். விஆர்ஆர் (கேமின் வேகத்துக்கேற்ப டிவி தன் வேகத்தை மாற்றிக்கொள்ளும் வசதி) உள்ள மாடல்களில் அதற்கென்றே தனித் தேர்வு இருக்கும். கூகிள் டிவி, ஆண்ட்ராய்டு டிவி வகைகள் சிலவற்றில் எச்டிஎம்ஐ வெர்ஷன், எச்டிஎம்ஐ மோட், எடிட் என்று இருக்கும். அதில் 2.1 இருந்தால் அது, இல்லாவிட்டால் 2.0.

இது ஒவ்வொரு போர்ட்டுக்கும் தனித்தனி. கன்சோல் செருகிய போர்ட்டுக்குத்தான் போட்டீர்களா என்று ஒருமுறைக்கு இருமுறை பாருங்கள்.

6. கன்சோல் பக்கம் செய்ய வேண்டியது

பிளேஸ்டேஷன் 5இல் ஸ்கிரீன் அண்டு வீடியோ பகுதிக்குப் போய், வீடியோ அவுட்புட்டில் விஆர்ஆர், 120 ஹெர்ட்ஸ் அவுட்புட், ஏஎல்எல்எம் (டிவியில் கேம் மோடைத் தானாகப் போடச் சொல்லும் கட்டளை) மூன்றையும் ஆட்டோமேட்டிக்கில் வையுங்கள். எக்ஸ்பாக்ஸில் டிவி அண்டு டிஸ்பிளே ஆப்ஷன்ஸுக்குள் ரெஃப்ரெஷ் ரேட்டை 120 ஆக்கி, வீடியோ மோட்ஸ் பகுதியில் ஆட்டோ லோ லேட்டன்சி மோடையும் வேரியபிள் ரெஃப்ரெஷ் ரேட்டையும் டிக் செய்யுங்கள்.

120 ஏன்? திரை மேலிருந்து கீழாக வரி வரியாகத்தான் நிரம்புகிறது. 60 ஹெர்ட்ஸில் ஒரு படத்தை முழுதாக வரையவே 16.7 மில்லி விநாடி ஆகும். அதனால் திரையின் நடுவில் தாமதம் 8.3க்குக் கீழே போக வழியில்லை. 120 ஹெர்ட்ஸில் அந்த நேரம் பாதியாகிவிடும். எக்ஸ்பாக்ஸ் எப்போதும் 120இலேயே அனுப்புவதால் 60 ஃப்ரேம் கேம்களுக்கும் இந்தப் பலன் கிடைக்கும். பிளேஸ்டேஷன் 5, கேம் 120ஐத் தாங்கினால் மட்டும் அதற்கு மாறும்.

விஆர்ஆர் என்பது கேம் ஒரு ஃப்ரேமைத் தயார்செய்து முடித்ததும் டிவி அதை உடனே வாங்கிக் காட்டுவது. அது இல்லாவிட்டால், ஒரு நூலிழை பிந்திய ஃப்ரேம்கூட அடுத்த முறை வரும்வரை வாசலில் காத்திருக்க வேண்டும். பிளேஸ்டேஷன் 5க்கு இந்த வசதி 2022 ஏப்ரலில்தான் அப்டேட்டாக வந்தது. அதற்கு முன் வாங்கி, அப்டேட்டே போடாமல் வைத்திருப்பவர்களுக்கு மெனுவில் அது இருக்காது.

லேப்டாப்பை டிவியில் மாட்டி ஆடுபவர்கள் இங்கே ஒன்றைக் கட்டாயம் பார்க்க வேண்டும். எச்டிஎம்ஐ 1.4 போர்ட் உள்ள லேப்டாப், 4கே டிவியைக் கண்டதும் 4கேயில் 30 ஹெர்ட்ஸ் என்று தானாக அமைத்துக்கொள்ளும். மவுஸ் சேற்றில் இழுப்பதுபோல நகரும். விண்டோஸின் அட்வான்ஸ்டு டிஸ்பிளேவில் ரெஃப்ரெஷ் ரேட்டைப் பாருங்கள். 30 என்றிருந்தால் ரெசல்யூஷனை 1080க்குக் குறைத்து 60 ஆக்குங்கள். படம் கொஞ்சம் மென்மையாகத் தெரிந்தாலும் ஆட்டம் கைக்குள் வந்துவிடும்.

7. இப்போது கேம் மோட்

தாமதத்தில் பெரும்பகுதி குறைவது இந்த ஒரு படியில்தான். கேம் மோடைப் போட்டதும், படத்தை மெருகேற்றும் வேலைகளில் பெரும்பாலானவற்றை டிவி விட்டுவிட்டு, வந்த படத்தை வந்தபடியே காட்டும். 100ஐத் தாண்டியிருந்த தாமதம் நல்ல டிவியில் 10 முதல் 20 மில்லி விநாடிக்குள் வந்துவிடும்.

கன்சோலை ஓடவிட்டு, அதன் படம் திரையில் இருக்கும்போதே மெனுவைத் திறங்கள். பல டிவிகள் பிக்சர் மோடை ஒவ்வொரு இன்புட்டுக்கும் தனித்தனியாக நினைவில் வைத்திருக்கும். செட்டாப் பாக்ஸ் ஓடும்போது கேம் மோட் போட்டால் அது செட்டாப் பாக்ஸுக்குத்தான் போகும். ஒரு நண்பர் மூன்று மாதம் இப்படித்தான் ஆடிக்கொண்டிருந்தார். செய்திகள் கேம் மோடில், கேம் ஸ்டாண்டர்டில்!

சாம்சங்கில் 2022 முதல் வந்த மாடல்களில் கனெக்‌ஷன் பகுதிக்குள் கேம் மோட் செட்டிங்ஸ். அதற்கு முந்தியவற்றில் ஜெனரல், எக்ஸ்டர்னல் டிவைஸ் மேனேஜர், அதற்குள் கேம் மோட் செட்டிங்ஸ். பிக்சர் மோட் பட்டியலில் தேடிவிட்டு "என் டிவியில இல்ல" என்று விட்டுவிடுகிறார்கள். அது இருக்கும் இடமே வேறு. எல்ஜியில் 2021 முதல் பிக்சர் மோடில் கேம் ஆப்டிமைசர் என்றும், பழையவற்றில் கேம் என்றும் இருக்கும். சோனியில் பிக்சர் மோடில் கேம்.

ஏஎல்எல்எம் உள்ள டிவியும் கன்சோலும் சேர்ந்தால் கேம் தொடங்கியதும் இது தானாகவே மாறிவிடும். பிளேஸ்டேஷன் 4, பழைய நின்டெண்டோ ஸ்விட்ச் இரண்டும் அந்தக் கட்டளையை அனுப்பாது. டிவியில் 'ஆட்டோ' என்று வைத்துவிட்டு நம்பிக்கொண்டிருக்காமல், இந்த இரண்டுக்கும் கையால் 'ஆன்' செய்யுங்கள்.

உண்மையில் மாறியிருக்கிறதா என்று பார்க்கச் சில டிவிகளில் தனிப் பட்டை உண்டு. சாம்சங்கின் புதிய மாடல்களில் பிளே பட்டனை அழுத்திப் பிடித்தால் கேம் பார் வரும். எல்ஜியில் கேம் டேஷ்போர்டு. அதில் ரெஃப்ரெஷ் ரேட்டும் விஆர்ஆர் நிலையும் தெரியும்.

8. கேம் மோடுக்குள்ளேயே இருக்கும் பிரேக்குகள்

கேம் மோட் போட்டாயிற்று என்று இங்கே எழுந்துவிடுகிறார்கள். இன்னும் வேலை இருக்கிறது.

முதலில் மோஷன் ஸ்மூத்திங். சோனியில் மோஷன்ஃப்ளோ, எல்ஜியில் ட்ரூமோஷன், சாம்சங்கில் பிக்சர் கிளாரிட்டி, வேறு பல கம்பெனிகளில் எம்இஎம்சி. இரண்டு ஃப்ரேம்களுக்கு நடுவே இல்லாத ஒரு ஃப்ரேமைத் தானே வரைந்து செருகுவதுதான் இதன் வேலை. நடுவில் இருப்பதை வரைய வேண்டுமென்றால் அடுத்தது என்ன என்று தெரிய வேண்டுமே! அதனால் அடுத்த ஃப்ரேம் வரும்வரை கையில் இருப்பதைக் காட்டாமல் பிடித்து வைத்துக்கொள்ளும். காத்திருக்கும் நேரமே ஒரு முழு ஃப்ரேம். வரையும் நேரம் அதற்கு மேல். எவ்வளவு வேகமான சிப் போட்டாலும் இந்தக் காத்திருப்பைத் தவிர்க்க முடியாது. அதனால்தான் கேமுக்கு இதைப்போலக் கெடுதலானது வேறில்லை என்கிறேன். சாம்சங்கில் கேம் மோஷன் பிளஸ் என்ற பெயரில் இது கேம் மோடுக்குள்ளேயே உட்கார்ந்திருக்கும். அணைத்துவிடுங்கள்.

அடுத்து நாய்ஸ் ரிடக்‌ஷன், எம்பெக் நாய்ஸ் ரிடக்‌ஷன், டைனமிக் கான்ட்ராஸ்ட், சூப்பர் ரெசல்யூஷன். இவை கேபிள் டிவியின் மங்கல் படத்தைத் தேற்றுவதற்கு வந்தவை. கன்சோல் படம் சுத்தமாகவே வருகிறது, தேற்ற ஒன்றும் இல்லை. எல்லாம் ஆஃப்.

படங்களுக்கு நடுவே கறுப்பைச் செருகி மங்கலைக் குறைக்கும் வசதி சில டிவிகளில் உண்டு. அசைவு தெளிவாகத் தெரியும் என்பது உண்மைதான். ஆனால் படம் இருண்டுவிடும், தாமதமும் சற்றுக் கூடும். இப்போதைக்கு வேண்டாம்.

எல்ஜி வைத்திருப்பவர்கள் கேம் ஆப்டிமைசருக்குள் இன்புட் தாமதத்தைத் தடுக்கும் தேர்வைத் தேடுங்கள். ஸ்டாண்டர்ட், பூஸ்ட் என்று இரண்டு இருக்கும். 120 ஹெர்ட்ஸ் பேனலில் 60 ஹெர்ட்ஸ் சிக்னல் வந்தால், பூஸ்ட் அதை இரட்டை வேகத்தில் வரைய வைக்கும். ஸ்விட்ச், பிளேஸ்டேஷன் 4 ஆடுபவர்களுக்கு நல்ல பலன் தரும்.

ஒவ்வொன்றாக மாற்றுங்கள். ஐந்தை ஒரே மூச்சில் மாற்றிவிட்டுப் படம் கெட்டுவிட்டால் எதைத் திருப்பி வைப்பது என்று தெரியாது.

9. எச்டிஆர் கேம் ஒன்றைத் திறந்து எல்லாவற்றையும் மறுபடி பாருங்கள்

நன்றாகத் தெரிந்தவர்களே கோட்டைவிடும் இடம் இது. பல டிவிகள் சாதாரண படத்துக்கு ஒரு தொகுப்பு, எச்டிஆருக்கு (வெளிச்சமும் நிறமும் கூடுதலாக வரும் படம்) ஒன்று, அதிலேயே இன்னொரு வகையான டால்பி விஷனுக்கு ஒன்று என்று அமைப்புகளைத் தனித்தனியாக வைத்திருக்கின்றன. கன்சோலின் முகப்புத் திரையில் நீங்கள் பார்த்துப் பார்த்து அமைத்ததெல்லாம் சாதாரண படத்துக்கான தொகுப்பில் இருக்கும். கேமைத் திறந்ததும் மூலையில் எச்டிஆர் என்று மின்னும். அந்த நொடியிலேயே டிவி வேறு தொகுப்புக்கு மாறி, ஸ்மூத்திங்கோடு பழையபடி ஓடத் தொடங்கலாம்.

"முகப்புல வேகமா இருக்கு, கேமுக்குள்ள போனா மந்தமாயிடுது" என்று யாராவது சொன்னால் நான் முதலில் கேட்பது எச்டிஆர் பற்றித்தான்.

அதனால் எச்டிஆர் கேமை ஓடவிட்டு, நடுவில் நிறுத்தி, 7ஆவது 8ஆவது படிகளை அப்படியே திரும்பச் செய்யுங்கள். எக்ஸ்பாக்ஸில் டால்பி விஷன் கேமிங் போட்டிருந்தால் அதிலும் ஒருமுறை. சில டிவிகளில் டால்பி விஷனில் தாமதம் கூடுகிறது. அப்படித் தெரிந்தால் கேமுக்கு மட்டும் அதை அணைத்துவிட்டுச் சாதாரண எச்டிஆரில் ஆடுவதே நல்லது.

10. மறுபடி அளவு, பிறகு டிவிக்கு வெளியே மிச்சம் இருப்பது

3ஆவது படியில் செய்ததை அதே கேம், அதே பட்டன், அதே தூரம் என்று திரும்பச் செய்யுங்கள். அக்கா வீட்டில் 44 ஆக இருந்தது 25க்கு இறங்கியது. 19 ஃப்ரேம் குறைவு, ஏறக்குறைய 79 மில்லி விநாடி. பையன் இரண்டு முறை எண்ணிப் பார்த்துவிட்டுத்தான் நம்பினான்.

வித்தியாசமே தெரியாவிட்டால் மூன்றைப் பாருங்கள்: கேம் மோட் வேறு இன்புட்டில் இருக்கிறதா, எச்டிஆர் தொகுப்பில் விட்டுப்போனதா, நடுவில் ஏதாவது பெட்டி இருக்கிறதா. இந்த மூன்றில் ஒன்றாகத்தான் பெரும்பாலும் இருக்கும்.

அதன் பிறகும் மிச்சம் இருப்பது டிவியின் கணக்கில் சேராது. அதில் பெரியது கேமுக்குள் இருக்கும் தேர்வு. குவாலிட்டி என்று வைத்தால் பல கேம்கள் 30 ஃப்ரேமில் ஓடும். ஒவ்வொரு ஃப்ரேமும் 33 மில்லி விநாடி. பெர்ஃபார்மன்ஸுக்கு மாற்றினால் 60. டிவி மெனுவில் கடைசி ஐந்து மில்லி விநாடிக்கு மல்லுக்கட்டுவதைவிட இதை ஒருமுறை மாற்றுவது அதிகப் பலன் தரும். பிளேஸ்டேஷன் 5இல் கேம் பிரீசெட்ஸ் பகுதியில் வைத்துவிட்டால், அதை ஏற்கும் கேம்களில் தானாகவே அமையும்.

சத்தம் பிந்தி வருகிறதென்றால் புளூடூத் ஹெட்ஃபோனைச் சந்தேகப்படுங்கள். அதில் 100, 200 மில்லி விநாடி தாமதம் வருவது சகஜம். காதில் பிந்தி வந்தால் கண்ணில் பார்ப்பதும் பிந்துவதுபோலவே மனதுக்குப் படும். கன்ட்ரோலரில் செருகும் ஒயர் ஹெட்ஃபோனைப் போட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும்.

11. கேம் மோடே இல்லாத பழைய டிவி

இன்புட்டின் பெயரையோ ஐகானையோ 'பிசி' என்று மாற்றிப் பாருங்கள். கணினிக்கு என்று நினைத்து மெருகேற்றும் வேலைகளைக் குறைத்துக்கொள்ளும் டிவிகள் உண்டு. அதுவும் இல்லாவிட்டால், ஸ்மூத்திங், நாய்ஸ் ரிடக்‌ஷன் போன்றவற்றைக் கையால் ஒவ்வொன்றாக அணைப்பதுதான் வழி. கன்சோலின் ரெசல்யூஷனை டிவியின் சொந்த ரெசல்யூஷனுக்கே வையுங்கள். அப்போது படத்தைப் பெரிதாக்கும் வேலை டிவிக்கு இருக்காது.

பிளேஸ்டேஷன் 2ஐ மஞ்சள், சிவப்பு, வெள்ளை ஒயரில் மாட்டி ஆடுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தப் படம் ஒரு வரி விட்டு ஒரு வரியாக வருவது. அதைச் சேர்த்துக் கோர்க்கவே புது டிவிக்கு நேரம் பிடிக்கும். வீட்டில் பழைய டியூப் டிவி வேலை செய்கிறதென்றால் தூக்கிப்போட்டுவிடாதீர்கள். அந்தக் கன்சோலுக்கு அதைவிடப் பொருத்தமான திரை கிடையாது.

12. படத்தின் நிறத்தைச் சரிசெய்வது கடைசியில்தான்

கேம் மோட் போட்டதும் படம் வெளிறிப்போனதாகவோ நீலம் பாய்ந்ததாகவோ தோன்றும். அதைப் பார்த்துவிட்டு நேராக விவிட் மோடுக்கே திரும்பிவிடுகிறார்கள். அங்கேதான் பாடுபட்டதெல்லாம் வீணாகிறது. கேம் மோடுக்குள் இருந்தபடியே நிறத்தை மாற்றலாம். பிரைட்னஸ், கலர், கலர் டெம்பரேச்சர் ஆகியவற்றைத் தொட்டால் தாமதம் கூடாது.

கலர் டெம்பரேச்சரை வார்ம் பக்கம் கொண்டுபோங்கள், ஷார்ப்னஸைக் குறையுங்கள், எனர்ஜி சேவிங்கை அணையுங்கள். எச்டிஆருக்குக் கன்சோலிலேயே அளவு சரிபார்க்கும் திரை இருக்கிறது. அதில் சின்னம் கண்ணுக்கு மறையும் தறுவாயில் நிறுத்தச் சொல்லும். எல்ஜியில் டோன் மேப்பிங்கை (எச்டிஆர் வெளிச்சத்தைத் திரைக்கேற்ப டிவி மாற்றும் அமைப்பு) எச்ஜிஐஜி ஆக்கிவிட்டு அதைச் செய்யுங்கள். இல்லாவிட்டால் டிவியும் கன்சோலும் ஆளுக்கொரு பக்கம் வெளிச்சத்தை மாற்றிக்கொண்டிருக்கும்.

முடிந்ததும் ஒவ்வொரு பக்கத்தையும் மறுபடி ஃபோனில் படம் எடுத்து வையுங்கள். அப்டேட்டுக்குப் பிறகு எப்போதாவது ஆட்டம் மந்தமானால் ஒப்பிட்டுப் பார்க்க உதவும். அப்படியே செட்டாப் பாக்ஸ் இன்புட்டுக்கும் ஒருமுறை மாறி, அங்கே படம் பழையபடி இருக்கிறதா என்று பாருங்கள். அக்கா வீட்டில் நான் கிளம்பும் முன் கடைசியாகச் செய்தது அதுதான். ராத்திரி சீரியல் போட்டபோது அக்காவுக்கு எதுவும் மாறியதாகவே தெரியவில்லை. பையன் மட்டும் விடுமுறை முடியும்வரை அந்த ஹாலை விட்டு எழவில்லை.